சரித்திரப் படத்து ராஜாக்களுக்கு வேலையே கிடையாதா?

தக்கலை வாசி எழுதியது:

போன வாரம் சென்னையிலிருந்து வந்த அக்கா பிள்ளைகளைக் கூட்டிக்கிட்டு பத்மநாபபுரம் அரண்மனைக்குப் போனேன். வாசல் மண்டபமான பூமுகத்திலிருந்து குறுகலான படியில் ஏறி மந்திரசாலைக்குள் நுழைந்ததும் பெரியவன் கேட்டான்: "மாமா, தர்பார் எங்க?" இதுதான்டே தர்பார் என்றேன். நம்பவில்லை. மரத் தட்டி, மைக்கா வைத்த ஜன்னல், கண்ணாடி மாதிரி மினுங்கும் கருப்புத் தரை, மந்திரிமார் உட்கார அகலமான ஆசனங்கள். அவ்வளவுதான். சிம்மாசனத்துக்கு ஏறும் பதினெட்டுப் படி, இரண்டு பக்கமும் ஈட்டி பிடித்த ஆட்கள், சாமரம் வீசும் பெண்கள், ஒன்றும் இல்லை. "இங்க இருந்தா குளச்சல் யுத்தம் ஜெயிச்சாங்க?" என்று இளையவள் கேட்டதும் எனக்குச் சிரிப்புதான் வந்தது.

பிள்ளைகளைக் குறை சொல்ல முடியாது. சினிமா பழக்கிய ராஜா அப்படி. வருவார், உட்காருவார், உறுமுவார், வாளை உருவுவார், நடுவில் நந்தவனத்தில் ஒரு பாட்டு. காலையில் எழுந்ததிலிருந்து ராத்திரி வரை அந்த ஆள் என்ன வேலை பார்த்தார் என்று எந்தப் படமாவது காட்டியிருக்கிறதா? திருவிதாங்கூர் ராஜா மார்த்தாண்ட வர்மா 1729இல் பட்டத்துக்கு வந்து 1758இல் போய்ச் சேருகிறவரை ஓயாமல் செய்தது வாள் சண்டை இல்லை, மிளகுக் கணக்கு. மிளகு வியாபாரத்தையே அரசின் கைக்குள் கொண்டு வந்தார். டச்சுக்காரனோடு சண்டை மூண்டதும் மிளகில்தான், 1753இல் மாவேலிக்கரை உடன்படிக்கையில் அவன் பணிந்ததும் மிளகில்தான்.

இன்னொன்று. உப்பரிகை மாளிகை நாலு நிலை. கீழே கஜானா. நடுவில் ராஜாவின் படுக்கையும் ஓய்வறையும். உச்சி நிலை யாருக்கு? பத்மநாப சுவாமிக்கு. 1750இல் நாட்டையே அந்தச் சுவாமிக்குத் திருப்படித்தானமாகக் கொடுத்து, நான் பத்மநாபதாசன் என்று சொல்லிக்கொண்ட ராஜா, தன் வீட்டிலேயே மேல்மாடியை விட்டுக் கொடுத்திருக்கிறார். அது பக்தியா, எதிர்த்தால் தெய்வக் குற்றம் என்று ஊரை மிரட்டும் கெட்டிக்காரத்தனமா, அது வேறு விவாதம். ஆனால் தனக்கு மேலே ஒருத்தரை வைத்துக்கொண்டு ஆளுகிற ராஜாவைத் திரையில் பார்த்த ஞாபகம் எனக்கு இல்லை. உங்களுக்கு இருந்தால் சொல்லுங்கள்.

பறக்கை மக்கா எழுதியது:

அண்ணாச்சி, மிளகுக் கணக்கை ரெண்டரை மணி நேரம் காட்டினா நீங்க ஒருத்தர்தான் தியேட்டர்ல இருப்பீங்க. அதுவும் இடைவேளை வரைக்கும்.

சும்மா சொல்லலை. 1959இல் வீரபாண்டிய கட்டபொம்மன் வந்திராவிட்டால் கட்டபொம்மன் பேரை இன்னைக்கு எத்தனை பேருக்குத் தெரியும்? எங்க ஸ்கூல் ஆண்டுவிழாவில் வருஷா வருஷம் யாராவது ஒரு பையன் அட்டைக் கிரீடம் வெச்சுக்கிட்டு அந்த வசனத்தைப் பேசுவான். சிவாஜி மாதிரி மூச்சு பிடிக்காமப் பேசுறவனுக்குத்தான் முதல் பரிசு. சரித்திரம் சாமானியன்கிட்ட வந்து சேருறது அப்படித்தான்.

கோட்டாற்றுக்காரி எழுதியது:

தம்பி, பேர் வந்து சேர்ந்தது சரி. ஆள் வந்து சேர்ந்தாரா?

நான் பள்ளிக்கூடத்தில் சரித்திரம் நடத்துகிறவள், அதனால் கொஞ்சம் நீளும், பொறுத்துக்கோங்க. ஜாக்சன் துரையைக் கட்டபொம்மன் சந்தித்தது 1798 செப்டம்பரில், ராமநாதபுரத்தில். அதற்கு முன்னால் நடந்ததுதான் எனக்கு முக்கியம். கலெக்டர் குற்றாலத்தில் முகாம் என்று இவர் அங்கே போகிறார், பார்க்க முடியாது என்று பதில். அடுத்த முகாம், அங்கேயும் அதே பதில். ஒரு பாளையக்காரர் தன் ஆட்களோடு கலெக்டர் பின்னாலேயே ஊர் ஊராக அலைகிறார். கடைசியில் ராமநாதபுரத்தில் பேட்டி கிடைத்ததும் உட்கார நாற்காலி கிடையாது, மணிக்கணக்கில் நிற்க வைத்திருக்கிறார்கள். அப்புறம் கைகலப்பு, கோட்டை வாசலில் கிளார்க் என்ற அதிகாரி குத்துப்பட்டுச் சாகிறார். அதன்பிறகு நடந்த விசாரணையில் ஜாக்சன் பேரில்தான் தப்பு என்று முடிவாகி அவர் பதவி போகிறது! கட்டபொம்மனைக் கயத்தாற்றில் 1799 அக்டோபர் 16இல் தூக்கிலிட்டது மேஜர் பானர்மேன்.

இதில் எது பெரிய நாடகம்? துரைக்கு முன்னால் அடுக்கடுக்காகப் பேசுவதா, உள்ளே கொதித்துக்கொண்டு வாயைப் பொத்தி மணிக்கணக்கில் நிற்பதா? அந்த மௌனத்தையும் சிவாஜியால் நடித்திருக்க முடியும். எழுதிக் கொடுக்கவில்லை. சுதந்திரம் கிடைத்துப் பன்னிரண்டு வருஷத்தில் எடுத்த படம். அன்றைக்குக் கொட்டகையில் உட்கார்ந்திருந்தவர்களுக்குத் தலை நிமிர்ந்த ஒரு ராஜா வேண்டியிருந்தது. படம் 1799ஐப் பற்றிப் பேசியதைவிட 1959ஐப் பற்றிப் பேசியதுதான் அதிகம். எல்லாச் சரித்திரப் படமும் அப்படித்தான்.

பறக்கை மக்கா எழுதியது:

இது நல்ல பாயிண்ட் அக்கா. ஆனாலும் விசில் வசனத்துக்குத்தான் கிடைக்கும்.

மார்த்தாண்டம் செட்காரன் எழுதியது:

சென்னையில் ஆர்ட் டிபார்ட்மெண்டில் உதவியாளாக இருக்கிறேன். சொந்த ஊர் மார்த்தாண்டம். எங்க பக்க நியாயத்தையும் கேளுங்க.

மந்திரசாலை மாதிரி ஒரு அறையில் ஷூட் பண்ணுவது லேசுப்பட்ட காரியம் இல்லை. உத்தரம் தாழ்வு, லைட்டை எங்கே தொங்கவிடுவது? அசல் அரண்மனையில் ஒரு ஆணி அடிக்க முடியாது, மரத்துக்குப் பக்கத்தில் சூடான லைட் கொண்டு போக முடியாது, தரையில் டிராலி தண்டவாளம் போட விட மாட்டார்கள், அது நியாயமும்கூட. கேமரா பின்னால் தள்ளிப் போகச் சுவர் இடிக்கும். அதனால்தான் செட். செட்டுக்கு மேலே கூரை இருக்காது, மேலே முழுக்க லைட்டு. கூரை இல்லாத இடத்தில் தூணை எவ்வளவு உயரமாக வேண்டுமானாலும் தூக்கலாம். தூண் உயர்ந்தால் ஆள் சின்னதாகத் தெரிவார். உடனே அவரைப் பெரிசாக்க மேடை, படி, தோளில் கவசம், பின்னால் மேலங்கி. இப்படித்தான் அண்ணாச்சி, ஒன்றிலிருந்து ஒன்று வளர்ந்துக்கிட்டே போகும். யாரும் உட்கார்ந்து, சரித்திரத்தைக் கெடுப்போம்னு திட்டம் போடுறதில்லை.

துணி விஷயமும் அதே கதை. தஞ்சைப் பெரிய கோயில் உள்சுற்று ஓவியத்தைப் பார்த்தால் இடுப்புக்கு மேலே ஆடையே பெரும்பாலும் கிடையாது, நகைதான். ஹீரோவிடம் போய், சார், சட்டை இல்லாமல் படம் முழுக்க என்று சொல்லிப் பாருங்கள். முதலில் ஜிம்முக்கு ஆறு மாதம் கேட்பார்.

பழைய படங்களில் ராஜா ஏன் விறைப்பாக இருப்பார் தெரியுமா? கிரீடம். அதன் கனத்துக்கும் உயரத்துக்கும் கழுத்தை ஒரு பக்கமாகத் திருப்பினால் சரிந்துவிடும். முழு உடம்பையும் திருப்பித்தான் பேச வேண்டும். அதையே நாம் ராஜ கம்பீரம்னு எடுத்துக்கிட்டோம்.

குளச்சல் கரை எழுதியது:

செட்காரத் தம்பி சொன்ன கிரீட விஷயம் நூத்துக்கு நூறு. எங்க ஊர் கோயில் திருநாள் நாடகத்தில் நான் ஏரோது ராஜா. அட்டையும் ஜிகினாவும் ஒட்டின கிரீடம்தான், பின்னால எலாஸ்டிக். வேர்வை கண்ணுக்குள்ள இறங்கும். அதைத் துடைக்க முடியாத கடுப்பில் நான் போட்ட சத்தத்தைப் பாத்து, நல்லா நடிச்சேடேன்னாங்க.

குளச்சல் பேர் மேலே வந்ததால ஒரு வார்த்தை. 1741 போர் ஒவ்வொரு தடவை மேடையிலயோ டிவியிலயோ வரும்போதும் மார்த்தாண்ட வர்மா குதிரையில வருவார், டச்சுத் தளபதி டிலனாய் மண்டியிடுவான். அரண்மனையில தொங்குற படமும் அதேதான், நிக்கிற ராஜா, பணியிற வெள்ளைக்காரன். ஆனா சண்டை முடிஞ்சது எப்படி? டச்சுக்காரன் கடற்கரையில தடுப்பு போட்டு உள்ளே இருக்கான். இவங்க போட்ட குண்டு ஒண்ணு உள்ளே இருந்த வெடிமருந்துப் பீப்பாயில விழுந்து தீப்பிடிச்சு, சேத்து வெச்ச அரிசி மொத்தமும் எரிஞ்சு போச்சு. சோறு இல்லை, கடல் பக்கமிருந்து உதவி வந்து சேரலை, சரணடைஞ்சான். பசிதான் ஜெயிச்சுக் குடுத்தது. அந்த எரிஞ்ச அரிசியை ஒரு ஷாட் காட்டுங்கப்பா.

பிடிபட்ட டிலனாயே பிறகு நம்ம ராஜாவுக்குப் படை பழக்கிக் குடுத்து, இங்கேயே செத்து, உதயகிரிக் கோட்டைக்குள்ள கிடக்கான். கல்லறைக் கல்லுல லத்தீனும் இருக்கு, தமிழும் இருக்கு. அவனை வெச்சே ஒரு படம் எடுக்கலாம்.

வில்லடி ரசிகன் எழுதியது:

எல்லாரும் மார்த்தாண்ட வர்மா, மார்த்தாண்ட வர்மா என்று பேசுகிறீர்கள். நம்ம ஊரில் அவரைப் பற்றி இரண்டு கதை உண்டு என்பதை யாரும் தொடவில்லையே.

ஒன்று, படித்தவர் கதை. சி. வி. ராமன் பிள்ளை 1891இல் எழுதிய மார்த்தாண்டவர்மா நாவல். அதில் இளவரசர் ஒளிந்து திரிகிறார், முந்தைய ராஜாவான ராம வர்மாவின் மகன்மார், பத்மநாபன் தம்பியும் ராமன் தம்பியும், வில்லன்கள். பட்டம் அக்கா தங்கை பிள்ளைக்குத்தான் போகும் மருமக்கள் வழி நாட்டில், அப்பாவுக்குப் பிறகு எங்களுக்குப் பட்டம் என்று கேட்டது அவர்கள் செய்த குற்றம்.

இரண்டாவது, வில்லுப்பாட்டுக் கதை. தம்பிமார் கதை. அதே இரண்டு பேர் இங்கே வலிய தம்பி, குஞ்சுத் தம்பி என்ற பேரில் நாயகர்கள். தங்கையை மார்த்தாண்ட வர்மா பெண் கேட்கிறார். பிறக்கிற பிள்ளைக்குப் பட்டம் என்று வாக்குக் கொடு என்கிறார்கள். மருமக்கள் வழியில் அது நடக்கிற காரியமா? அவர் ஒத்துக்கொள்ளவில்லை. பகை மூண்டு, நாகர்கோவிலில் தம்பிமார் கொல்லப்படுகிறார்கள், தங்கையும் சாகிறாள். பாடுகிறவருக்குப் பாடுகிறவர் கதை கொஞ்சம் மாறும். ஆனால் கண்ணீர் யாருக்கு என்பது மாறாது. சின்ன வயதில் கோயில் கொடையில் கேட்டபோது, தம்பிமார் சாகிற கட்டம் வந்ததும் குடம் அடிக்கிறவர் தட்டை நிறுத்திவிட்டார். வீசுகோல் மணிச்சத்தம் மட்டும். முன்னால் பாய் போட்டு உட்கார்ந்திருந்த கிழவிமார் தலைமுந்தானையை வாயில் வைத்துக்கொண்டார்கள். அரச நிந்தனையை அத்தனை பேர் நடுவில், கோயில் முற்றத்தில், விடிய விடியப் பாடிய ஊர் இது.

இரவிக்குட்டிப் பிள்ளை பாட்டும் அப்படியே. திருமலை நாயக்கர் படையோடு கணியாகுளத்தில் மோதி விழுந்தவர். ராஜா அல்ல, வேணாட்டு மந்திரி. பாட்டு முழுக்க, போகாதே மகனே என்று தடுக்கிற தாயும், கூட வருகிறேன் என்று சொல்லிக் காலை வாரியவர்களும்தான். அந்தப் போர்க் காலத்து ராஜா எங்கே என்று பாட்டில் தேடித்தான் பார்க்க வேண்டும்.

சினிமா ஜெயித்தவனைப் பாடுகிறது. வில்லுப்பாட்டு செத்தவனைப் பாடுகிறது. எனக்கு வில்லுப்பாட்டு போதும்.

பறக்கை மக்கா எழுதியது:

தாத்தா, தம்பிமார் கதை முழுசா எங்கேயாவது ரெக்கார்டிங் இருக்கா? லிங்க் கிடைக்குமா?

வில்லடி ரசிகன் எழுதியது:

லிங்க் கிங்க் எனக்குத் தெரியாது மக்கா. அச்சில் வந்திருக்கிறது, நாட்டார் வழக்காற்றியல் துறை உள்ள கல்லூரி நூலகத்தில் கேட்டுப் பார். பாட்டாகக் கேட்க வேண்டும் என்றால் புலவரைப் பிடித்துச் சொல்லிவைக்க வேண்டும். இப்போதெல்லாம் ராத்திரி பத்து மணியோடு மைக்கை நிறுத்தச் சொல்கிறார்கள், முழுக்கதை எங்கே பாட?

சாமித்தோப்பு வழி எழுதியது:

தோத்த ராஜகுமாரன் கதை சரி. ராஜாவே கண்ணில் படாத ஜனத்தின் கதை?

1987இல் சுவாதித் திருநாள் என்று மலையாளத்தில் ஒரு படம், லெனின் ராஜேந்திரன் இயக்கம். ஆனந்த் நாக் ராஜாவாக நடித்தார். நல்ல படம், குறை சொல்லமாட்டேன். கீர்த்தனம், வித்வான்கள், வெள்ளைக்கார ரெசிடெண்ட் கொடுக்கிற குடைச்சலில் மனசு ஒடிகிற மென்மையான ராஜா. பார்த்தால் பாவமாக இருக்கும்.

அதே சுவாதித் திருநாள் காலத்தில்தான் அய்யா வைகுண்டரைச் சாமித்தோப்பிலிருந்து பிடித்துக்கொண்டு போய் திருவனந்தபுரம் சிங்காரத்தோப்புச் சிறையில் போட்டார்கள். எங்கள் வேதமான அகிலத்திரட்டில் திருவிதாங்கூர் ராஜாவுக்குப் பெயர் கலிநீசன். எங்கள் பாட்டிமார் தோள்சீலை போட்டதற்கு அடிபட்ட காலம். தலைக்கு வரி, ஊழியம் என்று தனி. 1859 ஜூலை 26இல் உத்திரம் திருநாள் மகாராஜா விளம்பரம் போட்டுத்தான் மேலாடைக்கு அனுமதி வந்தது, அதுவும் மேல்சாதிப் பெண்கள் மாதிரி உடுத்தக்கூடாது என்ற நிபந்தனையோடு.

ராகம் பாடினதும் அதே ராஜா, சிறையில் போட்டதும் அதே ராஜா. இரண்டும் ஒரே ஆள்தான் என்று காட்ட ஒரு படத்துக்குத் தைரியம் வேண்டும். இதுவரை ராஜாவைச் சுமந்த தோளைக் காட்டினால் ராஜாவைக் காட்ட மாட்டார்கள், ராஜாவைக் காட்டினால் தோளைக் காட்ட மாட்டார்கள்.

தக்கலை வாசி எழுதியது:

நான் கேட்ட கேள்வியைவிடப் பெரிய கேள்வி இது. மிளகுக் கணக்கு என்று நான் சொன்னேனே, அந்த மிளகைப் பறித்தவனும் சுமந்தவனும் யார், என்ன விலை கிடைத்தது என்று போனால் நீங்கள் சொல்கிற இடத்துக்குத்தான் வரும்.

ஆனால் ஒரு விஷயத்தில் மாறுபடுகிறேன். ராஜாவைக் கெட்டவனாக்கிவிட்டால் கணக்கு நேராகிவிடும் என்று சிலர் நினைக்கிறார்கள் (நீங்கள் இல்லை). அதுவும் அதே அட்டைக் கிரீடம்தான், வர்ணம் மட்டும் மாற்றியிருக்கிறது. மீசையை முறுக்கினால் நல்லவன், கோப்பையைக் கையில் கொடுத்தால் கெட்டவன்.

கோட்டாற்றுக்காரி எழுதியது:

ராணிகளை யாராவது கேட்பீர்கள் என்று காத்திருந்தேன். ஆம்பிளைகள் ஒருத்தரும் கேட்கவில்லை.

பொன்னியின் செல்வன் 2022இல் வந்தபோது எங்கள் பள்ளியில் டீச்சர்கள் கூட்டமாகப் போனோம். குந்தவையும் நந்தினியும் நேருக்கு நேர் நிற்கிற இடத்தில் தியேட்டரே ஆடியது. எனக்கும் பிடித்தது, இல்லை என்று சொல்ல மாட்டேன். அங்கே குந்தவைக்கு அரசியல் மூளை உண்டு, தம்பியை எங்கே அனுப்பலாம் என்று யோசிக்கிறாள், நல்லது. ஆனால் கல்வெட்டில் இருக்கிற குந்தவை வேறு மாதிரி கம்பீரம். தஞ்சைப் பெரிய கோயிலுக்கு அவள் கொடுத்த பொன்னும் நகையும் செப்புத் திருமேனியும் எடை போட்டு, கல்லிலே வெட்டி வைத்திருக்கிறது. இன்ன நகை, இத்தனை கழஞ்சு, இதில் கோத்த முத்து இத்தனை. செத்துப்போன அப்பா சுந்தர சோழனுக்கும் அம்மாவுக்கும் திருமேனி செய்து அந்தக் கோயிலில் வைத்தவள் அவள். ஸ்தபதி முன்னால் உட்கார்ந்து அப்பாவின் முகத்தைச் செய்யச் சொல்லும் மகள் என்று ஒரு காட்சி யோசித்துப் பாருங்கள். வாளே வேண்டாம்.

அப்புறம் அந்தப் படத்துக்கு நாகர்கோவிலில் விசிலடித்த மக்களே, உங்களுக்கு ஒன்று. சோழன் நமக்கு வெளியூர் ராஜா. ஜெயித்து வந்து கோட்டாற்றை மும்முடிச்சோழநல்லூர் என்றும், சுசீந்திரத்தைச் சுந்தரசோழ சதுர்வேதிமங்கலம் என்றும் பேர் மாற்றினார்கள். குமரி அம்மன் கோயிலில் வீரராசேந்திரன் வம்சாவளியையே வெட்டி வைத்துவிட்டுப் போயிருக்கிறான். ராஜராஜன் தன் மெய்க்கீர்த்தியில் முதல் வெற்றியாகச் சொல்லிக்கொள்வது காந்தளூர்ச் சாலை. சாலை என்றால் என்ன மாதிரி இடம்? முஞ்சிறைப் பக்கம் பார்த்திவபுரத்தில் ஆய் மன்னன் கருநந்தடக்கன் சாத்தர் என்ற மாணவர்கள் 95 பேருக்கு வைத்த சாலையின் செப்பேடு இருக்கிறது, படிக்கிற பிள்ளைகளுக்கு என்னென்ன ஒழுங்கு என்றெல்லாம் அதில் வரும். அந்த மாதிரி இடத்தின்மேல் படை வந்தது என்றால், இங்கிருந்து பார்க்கிறவருக்கு ராஜராஜன் யார்?

பறக்கை மக்கா எழுதியது:

அக்கா, ஒரே பதிவில் எங்க விசிலைப் பிடுங்கிட்டீங்களே.

குளச்சல் கரை எழுதியது:

😂 விடுங்க மக்கா, அடுத்த படத்துக்கு யாருக்கு விசிலடிக்கிறதுன்னு அக்காகிட்ட கேட்டுட்டுப் போவோம்.

மார்த்தாண்டம் செட்காரன் எழுதியது:

சி. வி. நாவல் பேச்சு வந்ததால் ஒரு தகவல். அதைப் படமாக எடுத்ததே நம்ம ஜில்லாக்காரர்தான். நாகர்கோவில் சுந்தர்ராஜ், மலையாளத்தின் முதல் படம் எடுத்த அகஸ்தீஸ்வரம் ஜே. சி. டேனியலின் உறவினர். 1933இல் மார்த்தாண்டவர்மா, மௌனப் படம். நாவலின் உரிமை வைத்திருந்த பதிப்பகம் வழக்குப் போட்டு, ஓடத் தொடங்கிய படத்தை நிறுத்தியது. சுந்தர்ராஜ் அதோடு நொடித்துப்போனார். இன்றைக்கு அந்தப் பிரதி பூனாவில் தேசிய திரைப்பட ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது.

மௌனப் படம் என்பதால் அந்த ராஜா வசனமே பேசவில்லை. பேசும் படம் வந்த பிறகுதான் நம் ராஜாக்கள் பேசத் தொடங்கினார்கள், இன்னும் நிறுத்தவில்லை.

வில்லடி ரசிகன் எழுதியது:

டேனியலும் கடனாளி, சுந்தர்ராஜும் கடனாளி. ராஜாவைத் தொட்டவன் உருப்பட்டதில்லை என்று எங்கள் அப்பா சொல்லுவார். டேனியல் தொட்டது ராஜாவை இல்லை, அப்படியும் தப்பவில்லை.

தம்பி, நீதான் சினிமாவில் இருக்கிறாயே. தம்பிமார் கதையை எடுக்கச் சொல்லேன் யாரையாவது.

மார்த்தாண்டம் செட்காரன் எழுதியது:

கேட்டால் முதல் கேள்வி, ஹீரோ யார்? தம்பிமார் இரண்டு பேர், இரண்டு பேரும் கடைசியில் சாகிறார்கள். இரண்டு ஹீரோ சம்பளம், ஒரு ஜெயிப்பும் கிடையாது. இரண்டாவது கேள்வி, மார்த்தாண்ட வர்மாவை வில்லனாக்கினால் அந்தப் பக்கம் படம் ஓடுமா? மூன்றாவது, கோர்ட்டு.

கோட்டாற்றுக்காரி எழுதியது:

வில்லனாக்க வேண்டாம். அவரைக் காட்டவே வேண்டாம். ராஜாவின் ஆணை ஓலையான நீட்டு மட்டும் வரட்டும். ஓலை கொண்டு வருகிறவன் படி ஏறி வருவான், பிரிப்பான், வாசிப்பான். கேட்கிறவர்கள் முகம் மாறும். வரி நீட்டு ஒன்று, பெண் கேட்டு ஒன்று, கடைசியில் நாகர்கோவிலுக்கு வரச்சொல்லி ஒன்று. ராஜா முகம் தெரியாமலே படம் முழுக்க அவர் பயம் இருக்கும். அந்தக் காலத்தில் முக்கால்வாசி ஜனத்துக்கு ராஜா அப்படித்தான் தெரிந்திருப்பார்.

சாமித்தோப்பு வழி எழுதியது:

டீச்சர், இது நல்லா இருக்கு. வரி நீட்டு வாசிக்கிற இடத்தில் எங்க ஆட்கள் நாலு பேரை நிற்க வையுங்கள். உள்ளே இல்லை, வாசலுக்கு வெளியே, காதில் விழுகிற தூரத்தில்.

பறக்கை மக்கா எழுதியது:

எல்லாம் சரி. ராஜா முகமே காட்டலைன்னா வடசேரி பஸ் ஸ்டாண்டுல போஸ்டர்ல யார் மூஞ்சியை ஒட்டுவீங்க?